உழைத்த வருடத்தின் கூலி

(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் செயற்குழுவின் சார்பில் ஆற்றிய உரை. வர இயலாத உறுப்பினர்களுக்காகவும், ஓய்வு பெற்று ஊருக்குத் திரும்பிவிட்ட குடும்பங்களுக்காகவும் இங்கே முழுமையாக அச்சிடுகிறோம்.)



சம்பளக் கமிஷன் என்றால் நாம் எல்லோரும் காதைத் தீட்டிக்கொண்டு உட்காருகிறோம். போனஸ் என்றால் கொடி பிடிக்கிறோம். பஞ்சப்படி எத்தனை சதவீதம் ஏறியது என்று டீக்கடையில் நின்று கணக்குப் போடுகிறோம். வருடாந்திர இன்கிரிமென்ட் என்றால் மட்டும், "அது ஜூலை வந்தால் தானாக வருவதுதானே" என்று விட்டுவிடுகிறோம். தானாக வர வேண்டிய அந்த இன்கிரிமென்ட் ஆயிரக்கணக்கானவர்களுக்கு வராமலே போன கதையை இன்று உங்கள் முன் வைக்கிறோம்.

அதற்கு முன்னால் ஒரு மன்னிப்பு. இந்த விஷயத்தில் சர்க்காரின் தவறு மட்டுமல்ல, நம் சங்கத்தின் தவறும் இருக்கிறது. அதை மறைத்துவிட்டு மற்றவர்களைக் குறை சொன்னால் அந்தப் பேச்சுக்கு மரியாதை இல்லை.

நம் உறுப்பினர் ஒரு அண்ணாச்சி. திருநெல்வேலிச் சீமையிலிருந்து பிழைக்க மும்பைக்கு வந்தவர். ரயில்வே ஒர்க்ஷாப்பில் கலாசியாகச் சேர்ந்து, டெக்னீஷியனாக உயர்ந்து, 2018 ஜூன் 30 அன்று மாலையோடு வேலை முடிந்து வெளியே வந்தார். மாலை போட்டார்கள், கைக்கடிகாரம் கொடுத்தார்கள், ஜீப்பில் ஏற்றி வீடு வரை கொண்டுவந்து விட்டார்கள். மறுநாள் ஜூலை 1. அவரோடு ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்து, ஒரே பெஞ்சில் வேலை பார்த்து, ஒரே சம்பளம் வாங்கிய கூட்டாளிக்கு அன்று இன்கிரிமென்ட் விழுந்தது. அண்ணாச்சிக்கு இல்லை. "நேற்றோடு நீ ஊழியனில்லை" என்றது சட்டம்.

2019-ம் வருடம் அவர் ஒரு பத்திரிகைத் துணுக்கை மடித்து எடுத்துக்கொண்டு நம் சங்கத்துக்கு வந்தார். "தம்பி, சென்னையில யாரோ ஒருத்தர் கேஸ் போட்டு ஜெயிச்சிருக்காராமே. ஜூன் 30-ல ரிட்டையர் ஆனவருக்கு இன்கிரிமென்ட் உண்டுன்னு கோர்ட் சொல்லிட்டாமே. நமக்கும் வருமா?" என்று கேட்டார்.

நாங்கள் என்ன சொன்னோம்? "அண்ணாச்சி, அது பெரிய ஆபீசர் போட்ட கேஸ். நாம இப்பப் போய்க் கோர்ட்டுப் படி ஏற வேண்டாம். எல்லாருக்கும் ஆர்டர் வரட்டும், பொறுத்துப் பாப்போம்" என்றோம்.

அவரும் சங்கம் சொன்னால் சரி என்று போய்விட்டார். அந்தப் பொறுமையின் விலை என்ன என்பதைப் பின்னால் சொல்கிறோம்.

தலைமையாசிரியர் போட்ட தேதி

இந்த வழக்கு ஏன் நம்மைப் போன்றவர்களுக்கு அதிகம் பொருந்துகிறது என்பதை முதலில் பார்ப்போம்.

நம்மில் வயதானவர்களுக்குப் பிறந்த தேதி யார் போட்டது? பெற்ற தாயைக் கேட்டால், "ஆடி அமாவாசைக்கு மறுநாள்" என்பாள், "பெரிய வெள்ளம் வந்த வருஷம்" என்பாள். பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போன அன்று தலைமையாசிரியர் பையனை ஏற இறங்கப் பார்த்து, ஜூன் மாதம் பள்ளி திறக்கும் கணக்குக்கு ஏற்ப ஐந்து வயது நிரம்பும்படி ஒரு தேதியைப் பதிவேட்டில் எழுதினார். அதனால்தான் நம் கூட்டத்தில் கேட்டுப் பார்த்தால் மே, ஜூன், ஜூலை மாதங்களில் பிறந்தவர்கள் இத்தனை பேர். அண்ணாச்சிக்குப் போட்ட தேதி 1-7-1958. கூட்டாளிக்கு வேறொரு ஊர் வாத்தியார் போட்டது 2-7-1958.

மத்திய அரசு விதி என்ன சொல்கிறது? 60 வயது நிரம்பும் மாதத்தின் கடைசி நாள் பிற்பகலில் ஓய்வு. ஆனால் மாதத்தின் முதல் தேதியில் பிறந்தவர் மட்டும் முந்தின மாதத்தின் கடைசி நாளிலேயே ஓய்வு பெற வேண்டும். ஆகவே ஜூலை 1-ல் பிறந்த அண்ணாச்சி ஜூன் 30-ல் வெளியே. ஜூலை 2-ல் பிறந்த கூட்டாளி ஜூலை 31 வரை உள்ளே. நடுவில் ஜூலை 1-ல் இன்கிரிமென்ட்.

கணக்கைப் பாருங்கள். இருவருக்கும் அடிப்படைச் சம்பளம் 41,000 ரூபாய். ஏழாவது சம்பளக் கமிஷன் அட்டவணையில் அதற்கு அடுத்த படி 42,200. பென்ஷன் என்பது அதில் பாதி. அண்ணாச்சிக்கு 20,500. கூட்டாளிக்கு 21,100. மாதம் 600 ரூபாய் வித்தியாசம். அதன்மேல் பஞ்சப்படி 50 சதவீதம் என்று வைத்தால் 900 ரூபாய். ஆபீசர் வீட்டில் இது பெரிய தொகை இல்லாமல் இருக்கலாம். சர்க்கரைக்கும் ரத்தக் கொதிப்புக்கும் மாத்திரை வாங்குகிற வீட்டில் இது ஒரு மாத மாத்திரைக் காசு. உயிருள்ள வரை ஒவ்வொரு மாதமும் இந்தக் காசு குறையும். வாத்தியார் பேனாவை ஒரு நாள் தள்ளி வைத்திருந்தால் குறைந்திருக்காது!

ஜூலை 1 எப்படி வந்தது?

முன்பு ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு இன்கிரிமென்ட் தேதி இருந்தது. அவரவர் வேலையில் சேர்ந்த அல்லது உயர்வு பெற்ற மாதத்தை ஒட்டி அது வரும். ஓய்வு பெறும் நாளுக்கு மறுநாள் இன்கிரிமென்ட் விழுகிற துரதிர்ஷ்டம் அப்போதும் சிலருக்கு இருந்தது. அவர்களும் வழக்குப் போட்டார்கள். 2005-ல் ஆந்திர உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, சுப்பா ராவ் என்பவரின் வழக்கில், கிடையாது என்றுதான் தீர்ப்புச் சொன்னது.

ஆறாவது சம்பளக் கமிஷனை ஒட்டி 2008-ல் புதிய ஊதிய விதிகள் வந்தன. 2006 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த அந்த விதிகளில் 10-வது விதி, எல்லோருக்கும் ஒரே இன்கிரிமென்ட் தேதி, அது ஜூலை 1, என்று வைத்தது. அலுவலகத்துக்குக் கணக்கு எளிதாயிற்று. ஆனால் அங்கொருவர் இங்கொருவர் என்று இருந்த நஷ்டம், அந்த ஒரே வரியால், ஜூன் 30-ல் ஓய்வு பெறுகிற அத்தனை பேருக்குமாக ஆகிவிட்டது. ஏழாவது கமிஷனுக்குப் பிறகு ஜனவரி 1, ஜூலை 1 என்று இரண்டு தேதிகள் வந்தன. அதனால் டிசம்பர் 31-ல் ஓய்வு பெறுகிறவர்களில் ஜனவரி இன்கிரிமென்ட்காரர்களும் இந்தக் குழியில் விழுந்தார்கள்.

இதிலே ஒரு வேடிக்கையைக் கவனியுங்கள். அதே 10-வது விதி, ஜூலை 1 அன்று ஆறு மாதம் முடித்திருந்தாலே இன்கிரிமென்ட் உண்டு என்கிறது. ஆறு மாதம் வேலை பார்த்தவனுக்கு உண்டு. பன்னிரண்டு மாதமும் ஒரு நாள் குறையாமல் வேலை பார்த்து முடித்தவனுக்கு இல்லை. இது என்ன நியாயம்?

சர்க்காரின் வாதமும் நம் வாதமும்

சர்க்கார் தரப்பு வாதம் இதுதான்: இன்கிரிமென்ட் ஜூலை 1-ல் தான் பிறக்கிறது. அன்று பணியில் இருப்பவனுக்கே அது சேரும். இன்கிரிமென்ட் ஊழியனுக்கு ஒரு ஊக்கம். இனி வேலை செய்யப் போகாதவனுக்கு ஊக்கம் எதற்கு?

கேட்க நியாயம் போலத்தான் இருக்கும். நம் தெருக் கணக்கில் வைத்துப் பாருங்கள். நம் பெண்கள் சீட்டுக் கட்டுகிறார்கள். பன்னிரண்டு மாதம் ஒரு தவணை தவறாமல் கட்டியாயிற்று. கடைசித் தவணையும் கட்டிய அன்று ராத்திரி வேறு தெருவுக்குக் குடி போகிறோம். காலையில் போய்ப் பணம் கேட்டால், "நீதான் இந்தத் தெருவிலேயே இல்லையே, உனக்கு எதற்குச் சீட்டுப் பணம்?" என்று சீட்டுக்காரர் கேட்டால் நாம் சும்மா வருவோமா? கட்டிய பணம் எந்தத் தெருவுக்குப் போனாலும் நம் பணம்தானே!

இன்கிரிமென்ட்டும் அப்படித்தான். அது வரப்போகும் வருடத்துக்கு முன்பணம் அல்ல. கடந்த வருடம் ஒழுங்காக வேலை பார்த்ததற்குச் சேர்ந்த உரிமை. அடிப்படை விதிகளில் 24-வது விதி என்ன சொல்கிறது? நிறுத்தி வைக்கப்பட்டாலொழிய இன்கிரிமென்ட் வழக்கம்போல் கிடைக்க வேண்டும் என்கிறது. நிறுத்தி வைப்பது எதற்கு? குற்றம் செய்தவனுக்குத் தண்டனையாக. அப்படியானால் குற்றமே செய்யாமல் வருடத்தை முடித்தவனுக்கு அதைக் கொடுக்காமல் விடுவது, தப்புச் செய்யாதவனுக்குத் தண்டனை அல்லவா?

பென்ஷன் என்பது சர்க்கார் போடும் பிச்சை அல்ல என்று உச்ச நீதிமன்றம் நகாரா வழக்கில் 1982 டிசம்பர் 17 அன்றே சொல்லிவிட்டது. அந்த நாளைத்தான் ஓய்வூதியர்கள் இன்றும் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறார்கள். பென்ஷன் உரிமை என்றால், அந்தப் பென்ஷனைத் தீர்மானிக்கிற கடைசிச் சம்பளமும் உரிமைக் கணக்கில் சேர்ந்ததே.

சென்னையில் எரிந்த விளக்கு

இந்த வாதத்தைக் கோர்ட்டில் வைத்து வென்றவர் பி. அய்யம்பெருமாள். சுங்கம் மற்றும் கலால் துறையில் கூடுதல் தலைமை இயக்குநர் பதவியில் இருந்து 2013 ஜூன் 30-ல் ஓய்வு பெற்றவர். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னைக் கிளை அவர் மனுவைத் தள்ளுபடி செய்தது. அவர் விடவில்லை. சென்னை உயர் நீதிமன்றம் போனார். 2017 செப்டம்பர் 15 அன்று தீர்ப்பு வந்தது. 2012 ஜூலை 1 முதல் 2013 ஜூன் 30 வரை அவர் ஒரு முழு வருடம் வேலை பார்த்திருக்கிறார். இன்கிரிமென்ட் தேதி மறுநாள் வந்தாலும், பென்ஷன் கணக்குக்கு மட்டும் அதைக் கற்பிதமாகச் சேர்த்துக் கொடுக்க வேண்டும் என்றது நீதிமன்றம். கற்பிதம் என்றால், சம்பளமாகக் கைக்கு வராது. கொடுத்ததாக வைத்துக்கொண்டு பென்ஷனைக் கணக்கிடுவார்கள்.

இந்த விஷயத்தில் தமிழ்நாட்டு ஊழியர்கள் முன்னாலேயே போராடியிருக்கிறார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். பாலசுப்பிரமணியம் என்பவரின் வழக்கில் 2012-லேயே சென்னை உயர் நீதிமன்றம் இதே வழியில் சொல்லியிருந்தது. தமிழ்நாடு அரசு 2014 டிசம்பர் 31-ல் 311-ம் எண் அரசாணை போட்டு, ஓய்வுக்கு மறுநாள் இன்கிரிமென்ட் விழும் தன் ஊழியர்களுக்குப் பென்ஷனுக்காக அதைச் சேர்த்துக் கொடுக்க வழி செய்தது. மாநில அரசால் முடிந்தது மத்திய அரசால் முடியவில்லை.

மத்திய அரசு உச்ச நீதிமன்றம் போயிற்று. 2018 ஜூலை 23-ல் மேல்முறையீட்டு மனு தள்ளுபடி. மறுபரிசீலனை கேட்டது. 2019 ஆகஸ்ட் 8-ல் அதுவும் தள்ளுபடி. அத்தோடு ஒழுங்காக எல்லோருக்கும் ஆணை போட்டிருக்க வேண்டாமா? போடவில்லை. "இந்தத் தீர்ப்பு அந்த ஒருவருக்கு மட்டும்" என்றார்கள். வழக்குப் போட்டவருக்குக் கொடுப்போம், மற்றவர்களும் வேண்டுமானால் வழக்குப் போடட்டும் என்பது அதன் அர்த்தம். அறுபது வயது தாண்டிய லட்சம் பேரை, தனித்தனியாக வக்கீல் வைத்து வா என்று சொல்லுகிற சர்க்காரை என்னவென்று சொல்வது?

சொன்னபடி வழக்குகள் குவிந்தன. டில்லி, அலகாபாத், மத்தியப் பிரதேசம், ஒரிசா, குஜராத் உயர் நீதிமன்றங்கள் ஊழியர் பக்கம் சொல்லின. கேரளமும் இமாசலமும் எதிர்ப்பக்கம் சொல்லின. ஒரே நாடு, ஒரே விதி. ரயில் ஏறி எந்த மாநிலத்தில் இறங்குகிறாயோ அதைப் பொறுத்து நீதி!

கடைசியாக 2023 ஏப்ரல் 11 அன்று உச்ச நீதிமன்றமே விரிவான தீர்ப்புச் சொன்னது. அது கர்நாடக மின்தொடரமைப்புக் கழகத்தின் ஊழியர்களான முண்டினமணி முதலானோர் வழக்கு. அந்தக் கழகத்தின் விதியில், இன்கிரிமென்ட் "சம்பாதித்த நாளுக்கு மறுநாள்" சேரும் என்று இருந்தது. நீதிபதிகள் கேட்ட கேள்வி நம் சீட்டுக் கேள்விதான். சம்பாதிப்பது ஒன்று, கைக்கு வருவது ஒன்று. கடைசி நாளன்று அவன் சம்பாதித்து முடித்துவிட்டான். மறுநாள் கொடுக்க வேண்டியது என்பதற்காகச் சம்பாதித்ததே இல்லை என்று ஆகாது. ஆந்திர முழு அமர்வும் கேரளமும் இமாசலமும் சொன்னதை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. பதினெட்டு வருடம் கழித்து, 2005-ல் தோற்றவர்களின் வாதம் 2023-ல் ஜெயித்தது.

யாருக்கு எவ்வளவு?

தோழர்களே, இனிமேல்தான் நாம் கூர்ந்து கேட்க வேண்டிய பகுதி. தீர்ப்பு எல்லோருக்கும் ஒன்று. ஆனால் பழைய பாக்கி எல்லோருக்கும் ஒன்றல்ல. சித்தராஜ் என்பவரின் வழக்கில் 2024 செப்டம்பர் 6-ல் இடைக்கால உத்தரவும், 2025 பிப்ரவரி 20-ல் முடிவான உத்தரவும் போட்டு, உச்ச நீதிமன்றம் ஊழியர்களை மூன்று வரிசையாக நிறுத்தியது.

முதல் வரிசை, வழக்குப் போட்டு ஜெயித்து, அந்தத் தீர்ப்பின்மேல் அப்பீல் இல்லாமல் முடிவானவர்கள். அவர்களுக்குத் தீர்ப்பில் சொன்னபடி கொடுத்தாக வேண்டும்.

இரண்டாவது வரிசை, 2023 மே 19-க்கு முன்னால் மனுப் போட்டு, வழக்கு நிலுவையில் இருந்தவர்கள். மனுப் போட்ட மாதத்துக்கு முந்தின மூன்று வருடத்துக்கு அவர்களுக்குப் பாக்கி உண்டு.

மூன்றாவது வரிசை, வழக்கே போடாமல் இருந்தவர்களும், அந்தத் தேதிக்குப் பின் போட்டவர்களும். இவர்களுக்கு 2023 மே 1 முதல்தான் கூடுதல் பென்ஷன். அதற்கு முன் உள்ளது போனது போனதுதான். ஒருவேளை யாருக்காவது கூடுதலாகக் கொடுத்திருந்தால் அதைத் திரும்பப் பிடிக்கக் கூடாது என்றும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இது ஒரு ஆறுதல்.

இந்த மூன்று வருடக் கணக்கு புதிதல்ல. 2008-ல் தர்சேம் சிங் வழக்கிலேயே, பென்ஷன் குறைவு மாதாமாதம் தொடரும் தவறு என்பதால் எப்போது கேட்டாலும் கேட்கலாம், ஆனால் பழைய பாக்கி மூன்று வருடத்துக்கு மேல் போகாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2014-ல் அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில், ஒரே நிலையில் உள்ளவர்களை ஒரே மாதிரி நடத்த வேண்டும் என்பது பொது விதி, ஆனால் வேலி மேல் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துவிட்டு, அடுத்தவன் ஜெயித்த பிறகு வருகிறவனுக்கு அது பொருந்தாமல் போகலாம் என்றும் சொன்னது.

இப்போது நம் அண்ணாச்சிக்கு வருவோம். அவர் துணுக்கோடு வந்த 2019-லேயே ஒரு மனுப் போட்டு, அது நிலுவையில் இருந்திருந்தால் போதும். முந்தின மூன்று வருடம் என்றால் அவர் ஓய்வு பெற்ற நாளே அதற்குள் அடங்கிவிடும். 2018 ஜூலையிலிருந்து முழுப் பாக்கியும் வந்திருக்கும். மனுப் போடாததால் 2023 மே முதல்தான் வந்தது. இடையில் போனது 58 மாதம். மாதம் 600 வீதம், பஞ்சப்படியைச் சேர்க்காமலே, 34,800 ரூபாய்.

அந்த 34,800 ரூபாயை அண்ணாச்சியிடமிருந்து எடுத்தது யார்? சர்க்கார் பாதி எடுத்தது. "பொறுத்துப் பாப்போம்" என்ற எங்கள் வாய் மீதியை எடுத்தது. வேலி மேல் உட்கார்ந்தவர் அண்ணாச்சி அல்ல. அவரை ஏற்றி உட்கார வைத்தவர்கள் நாங்கள். போன மாதம் திருத்திய பென்ஷன் ஆணையை எடுத்து வந்து காட்டினார். நாங்கள் தலைகுனிந்து நின்றோம். "விடுங்க தம்பி, மத்தவங்களுக்காவது சொல்லுங்க" என்று மட்டும் சொன்னார். அவர் சொன்னதற்காகத்தான் இந்தக் கூட்டம்.

இப்போது என்ன செய்ய வேண்டும்?

மத்திய அரசின் பணியாளர் துறை 2025 மே 20-ல் அலுவலக ஆணை போட்டிருக்கிறது. ஜூன் 30-லும் டிசம்பர் 31-லும் ஓய்வு பெற்றவர்கள், பெறுகிறவர்கள், வேலையும் நடத்தையும் திருப்தியாக இருந்தால், மறுநாள் இன்கிரிமென்ட்டைப் பென்ஷனுக்காகக் கற்பிதமாகப் பெறலாம். பென்ஷனுக்கு மட்டும்தான். கிராஜுவிட்டி, லீவுச் சம்பளம், கம்யூட்டேஷன் இவற்றுக்குச் சேராது. யாராவது தரகர் வந்து "கிராஜுவிட்டியும் ஏற்றித் தருகிறேன், கமிஷன் கொடு" என்றால் வாசலோடு அனுப்புங்கள்.

உங்கள் வீட்டில் பென்ஷன் ஆணை இருக்கும் டிரங்குப் பெட்டியை இன்று ராத்திரியே திறந்து பாருங்கள். ஓய்வு பெற்ற தேதி ஜூன் 30-ஆ, டிசம்பர் 31-ஆ? அப்படியானால் கடைசி இன்கிரிமென்ட் எந்தத் தேதியில் வந்தது? ஜூன் 30-காரருக்கு முந்தின ஜூலை 1-ல் வந்திருந்தால், அல்லது டிசம்பர் 31-காரருக்கு முந்தின ஜனவரி 1-ல் வந்திருந்தால், இந்த வழக்கு உங்கள் வழக்கு. பிறகு வங்கிக் கணக்கைப் பாருங்கள், பென்ஷன் திருத்தப்பட்டிருக்கிறதா என்று. திருத்தவில்லை என்றால், கடைசியாக வேலை பார்த்த அலுவலகத்துக்கு ஒரு விண்ணப்பம் எழுத வேண்டும். பெயர், பதவி, பென்ஷன் ஆணை எண், ஓய்வு தேதி, கடைசி அடிப்படைச் சம்பளம், கடைசி இன்கிரிமென்ட் தேதி, இந்த 2025 மே 20 ஆணையின் குறிப்பு, இவ்வளவு போதும். நகல்களை மட்டும் இணையுங்கள். அசலைக் கையை விட்டுக் கொடுக்காதீர்கள். நேரில் கொடுத்தால் நம் நகலில் முத்திரை வாங்குங்கள். ஊரிலிருந்து அனுப்பினால் ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.

ஆறு மாதம் ஆகியும் பதில் இல்லை என்றால், அதற்கு மேல் ஒரு வருடத்துக்குள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். இந்தக் கெடுவைத் தவற விடக் கூடாது. தீர்ப்பாயச் சட்டம் 1985-ல் வந்ததே, அரசு ஊழியரின் வழக்குகள் சீக்கிரம் முடிய வேண்டும் என்றுதான்.

மாநகராட்சி, மின்சாரக் கழகம் போன்ற இடங்களில் வேலை பார்த்தவர்களுக்கு மத்திய அரசு ஆணை நேராகச் செல்லாது. அவர்கள் தங்கள் நிறுவனத்தின் விதியில் இன்கிரிமென்ட் எப்படி எழுதியிருக்கிறது என்று பார்க்க வேண்டும். 2023 தீர்ப்பே ஒரு மின்சாரக் கழகத்தின் ஊழியர்களுக்குக் கிடைத்தது என்பதை அவர்கள் மறக்க வேண்டாம். அவர்களுக்காக நம் சங்கம் தனியாக ஒரு பட்டியல் எடுக்கிறது.

நம்மவர்களுக்கு இதில் கூடுதல் கஷ்டம் உண்டு. ஓய்வு பெற்றதும் குவார்ட்டர்ஸைக் காலி செய்து ஊருக்குப் போய்விடுகிறோம். பென்ஷன் தென்காசியிலோ ஆம்பூரிலோ ஒரு வங்கியில் விழுகிறது. அலுவலகமோ மும்பையில். ஆணைகள் இந்தியிலும் ஆங்கிலத்திலும் வருகின்றன. நடுவில் ஆயிரம் மைல். இந்த ஆயிரம் மைலைக் கடந்து சேதி கொண்டுபோவதற்குத்தான் சங்கம் இருக்கிறது. ஒவ்வொரு உறுப்பினரும் ஊருக்குப் போன ஒரு பழைய தோழருக்காவது போன் போட்டு, "அண்ணாச்சி, எந்தத் தேதியில் ரிட்டையர் ஆனீங்க?" என்று கேட்க வேண்டும். இதுவே இந்த மாத வேலை. ஞாயிறு தோறும் மாலையில் சங்கத்தில் விண்ணப்பம் எழுதிக் கொடுக்க ஆள் இருக்கும். காசு வேண்டாம்.

வெளியே நிற்பவர்கள்

முடிக்கும் முன் ஒன்று. இந்த வெற்றி நம் வீட்டுப் பிள்ளைகளுக்கு அப்படியே போய்ச் சேராது. 2004 ஜனவரி 1-க்குப் பிறகு மத்திய அரசு வேலையில் சேர்ந்தவர்களைப் புதிய பென்ஷன் திட்டத்தில் தள்ளினார்கள். அதிலே பென்ஷனைத் தீர்மானிப்பது கடைசிச் சம்பளம் அல்ல, சேர்ந்திருக்கும் நிதி. ஆகவே கடைசி நாள் இன்கிரிமென்ட் சேர்ந்தும் பயனில்லை. அதற்கும் கீழே இருக்கிறார்கள் கான்ட்ராக்ட் தொழிலாளர்கள். அப்பன் நிரந்தர ஊழியனாகக் கூட்டிய அதே பிளாட்பாரத்தை மகன் கான்ட்ராக்டில் கூட்டுகிறான். அவனுக்கு ஜூலை 1-ம் இல்லை, ஜனவரி 1-ம் இல்லை. எத்தனை வருடம் கூட்டினாலும் இன்கிரிமென்ட் என்ற சொல்லே அவன் சம்பளச் சீட்டில் கிடையாது.

ஒரு முழு வருடம் உழைத்தவனுக்கு அந்த வருடத்தின் உயர்வு சேர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொண்டுவிட்டது. அது நிரந்தர ஊழியனுக்கு நியாயம் என்றால், அதே விளக்குமாற்றைப் பிடித்தவனுக்கும் நியாயம்தான். அதைக் கேட்க வேண்டிய வேலை நமக்கு மிச்சமிருக்கிறது. இந்தத் தடவை யாரையும் "பொறுத்துப் பாப்போம்" என்று திருப்பி அனுப்ப மாட்டோம்.

கேட்டவனுக்குக் கிடைத்தது. முன்னால் கேட்டவனுக்கு முழுதாகக் கிடைத்தது. இனி கேட்போம், சேர்ந்து கேட்போம்.